மேசைச் சண்டையிலிருந்து விதிப் புத்தகத்துக்கு

1993 ஆகஸ்டில் ‘மேஜிக்: தி கேதரிங்’ அமெரிக்கக் கடைகளுக்கு வந்தபோது, 60 கார்டுகள் கொண்ட பெட்டிக்குள் ஒரு சின்னக் கையேடும் இருந்தது. சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போகலாம். ஆட்டத்தின் விதிகள் மொத்தமும் அதற்குள்தான். அந்தச் சில பக்கங்களிலும் மந்திரவாதிகளைப் பற்றிய ஒரு கதைக்கு இடம் ஒதுக்கியிருந்தார்கள். இன்று அதே ஆட்டத்தின் முழு விதித் தொகுப்பு 250 பக்கங்களைத் தாண்டிவிட்டது. ஒவ்வொரு விதிக்கும் எண், அதற்குள் உட்பிரிவு, உட்பிரிவுக்குள் எழுத்து என்று சட்டப் புத்தகம்போலவே இருக்கும். முதல் வெளியீட்டில் 295 கார்டுகள். இன்று 25,000-க்கும் மேல். எந்தக் கார்டும் எந்தக் கார்டோடும் ஒரே மேசையில் மோத நேரலாம்.

இந்தப் பருமனைப் பார்த்து, “விளையாட்டைக் கெடுத்துவிட்டார்கள், முன்பெல்லாம் எளிமையாக இருந்தது” என்று அங்கலாய்க்கும் பழைய ஆட்டக்காரர்கள் எல்லா ஊரிலும் உண்டு. அவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. அன்று எளிமையாக இருந்தது கையேடு மட்டும்தான். இரண்டு கார்டுகள் முட்டிக்கொண்டால் என்ன ஆகும் என்பது அன்றும் சிக்கலாகத்தான் இருந்தது. அந்தச் சிக்கலை யார் குரலை உயர்த்திப் பேசுகிறாரோ அவர் தீர்த்துவைத்தார். இன்று எழுத்து தீர்த்துவைக்கிறது. புதிதாக ஆட வரும் பதினான்கு வயதுப் பிள்ளைக்கும் இருபது வருடம் ஆடியவருக்கும் ஒரே பதில் கிடைக்க வேண்டுமென்றால் இத்தனை பக்கம் தேவைதான்.

ஆட்டம் தெரியாதவர்களுக்கு இரண்டு வரி. எதிரெதிரே இரண்டு பேர். ஆளுக்கு 20 உயிர்ப்புள்ளி. அவரவர் கார்டுக்கட்டை அவரவரே வீட்டிலிருந்து தயார்செய்து கொண்டுவருகிறார்கள். அதன் பெயர் டெக். நிலக் கார்டுகளிலிருந்து ‘மேனா’ என்ற சக்தியை எடுத்து, அதைச் செலவழித்து உயிரினங்களை இறக்குகிறார்கள், மந்திரங்களை ஏவுகிறார்கள். உயிரினத்தின் மூலையில் 2/3 என்று இருந்தால், அது அடிக்கும் அடி 2, தாங்கும் அடி 3. எதிராளியின் புள்ளியைப் பூஜ்யமாக்கினால் வெற்றி. ஒவ்வொரு கார்டிலும் அதன் வேலை எழுதப்பட்டிருக்கும். கார்டில் இருப்பதும் கையேட்டில் இருப்பதும் முரண்பட்டால் கார்டுதான் செல்லும். இதுதான் ஆட்டத்தின் முதல் விதி. ஆட்டத்தின் அழகும் தொல்லையும் இந்த ஒரு விதியிலிருந்துதான் தொடங்குகின்றன.

இதை உருவாக்கிய ரிச்சர்ட் கார்ஃபீல்ட் கணிதத்தில் முனைவர் பட்டம் பெற்று, கல்லூரியில் பாடம் நடத்தியவர். வெளியிட்ட ‘விஸார்ட்ஸ் ஆஃப் தி கோஸ்ட்’ அப்போது வாஷிங்டன் மாநிலத்தில் இருந்த சிறு நிறுவனம். ஒருவர் எத்தனை கார்டு வாங்கிவிடுவார் என்று குறைவாகவே மதிப்பிட்டிருந்தார்கள். அதனால் ஒரே கார்டை ஒரு டெக்கில் எத்தனை பிரதி வேண்டுமானாலும் வைக்கலாம் என்று விட்டிருந்தார்கள். ஆட்டத்துக்கு முன்னால் ஆளுக்கு ஒரு கார்டைப் பந்தயமாக வைத்து, வென்றவர் இரண்டையும் எடுத்துக்கொண்டு போகும் விதியும் முதல் கையேட்டில் இருந்தது. நான்கு பிரதிகளுக்கு மேல் கூடாது, பந்தயம் வேண்டாம் என்பதெல்லாம் போட்டிகள் நடக்கத் தொடங்கிய பிறகு வந்த ஒழுங்குகள்.

அந்தக் காலத்துக் கார்டுகளில் ‘கேயாஸ் ஆர்ப்’ பேர்போனது. அதை மேசைக்கு மேலே ஒரு அடி உயரத்திலிருந்தாவது சுழற்றிப் போட வேண்டும். குறைந்தது ஒரு முழுச் சுற்று சுற்ற வேண்டும். விழுந்த இடத்தில் எந்தெந்தக் கார்டைத் தொடுகிறதோ அவை அனைத்தும் அழியும். எழுதியவருக்கு இது எளிமையாகத் தெரிந்திருக்கலாம். ஆடியவர்கள் தங்கள் கார்டுகளை மேசை முழுக்கத் தள்ளித் தள்ளி வைக்கத் தொடங்கினார்கள். தொட்டதா, தொடவில்லையா என்று குனிந்து பார்த்துச் சண்டை. ஒருவர் ஆர்பைத் துண்டு துண்டாகக் கிழித்துத் தூவினார் என்றொரு கதை உலகம் முழுக்கச் சுற்றியது. 1998-இல் வந்த வேடிக்கைக் கார்டுத் தொகுப்பில் அந்தக் கதையை வைத்தே ஒரு கார்டு அச்சிட்டார்கள். ‘ஷஹ்ராசாத்’ என்று இன்னொன்று. அதை ஏவினால் நடக்கும் ஆட்டத்தை நிறுத்திவைத்து, டெக்கில் மீந்த கார்டுகளைக் கொண்டு உள்ளே இன்னோர் ஆட்டம் ஆட வேண்டும். அந்த உள்ளாட்டத்திலும் யாராவது இன்னொரு ஷஹ்ராசாத்தை ஏவலாம். நேரக் கட்டுப்பாடு உள்ள போட்டியில் இது எப்படி நடக்கும்? இரண்டுமே பிறகு போட்டிகளில் தடைசெய்யப்பட்டன.

இவை கண்ணுக்குத் தெரிந்த குழப்பங்கள். உண்மையான சிக்கல் நேரத்தில் இருந்தது. ஒருவர் மந்திரம் ஏவுகிறார், மற்றவர் அதற்கு மறுமொழியாக இன்னொன்று ஏவுகிறார். எது முதலில் நடக்கும்? 1999 வரை இதற்கான பதில் பல துண்டுகளாகக் கிடந்தது. ‘இன்ஸ்டன்ட்’ என்றொரு வகை. அதைவிட வேகமான ‘இன்டரப்ட்’ என்று இன்னொரு வகை. இன்டரப்ட்டுக்கு இன்டரப்ட்டால் மட்டுமே மறுமொழி தர முடியும். இன்ஸ்டன்ட்கள் ‘பேட்ச்’ என்ற கட்டாகச் சேரும். அந்தக் கட்டு நடக்கத் தொடங்கிவிட்டால் நடுவில் புதிதாக எதையும் நுழைக்க முடியாது. சேதக் கணக்கு கடைசியில் வரும். வந்ததும், சேதத்தைத் தடுக்கும் கார்டுகளுக்கென்றே ஒரு தனிக் கட்டம். அதில் வேறெதையும் ஆட முடியாது. ‘த டூயலிஸ்ட்’ பத்திரிகையில் வந்த விளக்கங்களை வெட்டி வைத்துக்கொண்டு மேசைக்கு வந்தவர்கள் இருந்தார்கள். அது கையில் இல்லாதவர், இருந்தவர் சொன்னதை நம்ப வேண்டியதுதான்.

அந்தப் பழைய விதிகளின் சுபாவத்தைப் புரிந்துகொள்ள ஒரு கார்டு போதும்: 1994-இல் வந்த ‘மிரர் யுனிவர்ஸ்’. உங்கள் டர்னின் தொடக்கத்தில் வரும் ‘அப்கீப்’ கட்டத்தில் இதைத் தியாகம் செய்தால், உங்கள் உயிர்ப்புள்ளியும் எதிராளியின் உயிர்ப்புள்ளியும் இடம் மாறும். தோற்கும் நிலையில் இருப்பவரைக் காப்பாற்ற வந்த கார்டு என்றுதான் படித்தவுடன் தோன்றும். ஆனால் அன்றைய விதிப்படி, புள்ளி பூஜ்யமானாலும் அந்தக் கட்டம் முடியும்போதுதான் ஒருவர் தோற்றவராவார். இடைப்பட்ட நேரத்தில் அவர் இறந்தும் இறக்காதவர். கெட்டிக்காரர்கள் இதைப் பிடித்துக்கொண்டார்கள். உங்களிடம் 2 புள்ளி, எதிராளியிடம் 15 என்று வையுங்கள். ‘சிட்டி ஆஃப் பிராஸ்’ என்ற நிலத்தைப் பயன்படுத்தினால் ஒவ்வொரு முறையும் உங்களுக்கே 1 அடி. அப்கீப்பில் அப்படி இரண்டு நிலங்களை வேண்டுமென்றே பயன்படுத்தி உங்கள் புள்ளியைப் பூஜ்யத்துக்கு இறக்குகிறீர்கள். உடனே மிரர் யுனிவர்ஸ். இப்போது உங்களிடம் 15, எதிராளியிடம் 0. கட்டம் முடிகிறது. அவர் தோற்றார்.

இதைக் கேட்கும்போது எனக்கும் ஒரு சிலிர்ப்பு வருகிறது. மூளைக்கு வேலை கொடுத்த ஆட்டம் அது, மறுக்கவில்லை. ஆனால் மேசையின் எதிர்ப்புறம் உட்கார்ந்து, முதல் முறையாக இதைச் சந்தித்தவரை நினைத்துப் பாருங்கள். “உன் புள்ளி பூஜ்யம், நான் ஜெயித்துவிட்டேன்” என்று கார்டுகளைச் சேர்க்கக் கை நீட்டியிருப்பார். இப்படியொரு விதி இருப்பதற்கான தடயம் இரண்டு கார்டுகளிலும் கிடையாது. கையேட்டின் ஒரு மூலையைப் படித்தவருக்கு மட்டுமே தெரிந்த இரகசியம் அது.

1999 ஏப்ரலில் ஆறாம் பதிப்போடு வந்த புதிய விதிகள் இந்தக் கட்டடத்தை இடித்துக் கட்டின. இன்டரப்ட் போயிற்று, அவையெல்லாம் இன்ஸ்டன்ட் ஆயின. பேட்ச் போயிற்று, சேதத் தடுப்புக் கட்டமும் போயிற்று. புள்ளி பூஜ்யமானால், ஆட்டம் அடுத்து நிலையைச் சரிபார்க்கும் நொடியிலேயே தோல்வி. மிரர் யுனிவர்ஸ் தந்திரம் அன்றோடு செத்தது. அனைத்துக்கும் பதிலாக வந்தது ‘ஸ்டாக்’ என்ற ஒரே ஏற்பாடு. கல்யாண மண்டபத்தில் கழுவி அடுக்கிய தட்டுகள்போலத்தான்: கடைசியாக வைத்தது முதலில் எடுக்கப்படும். ஒவ்வொரு மந்திரமும் இந்த அடுக்கின் உச்சியில் போய் உட்காரும். இருவரும் “போதும்” என்றால் உச்சியில் இருப்பது நடக்கும். அது நடந்து முடிந்ததும் இருவருக்கும் மீண்டும் வாய்ப்பு உண்டு; புதிதாக எதையாவது மேலே வைக்கலாம்.

இதில் ஒரு கணக்கைக் கையில் பிடித்துக்கொண்டால் பாதி ஆட்டம் பிடிபட்டுவிடும். என்னிடம் ஒரு 2/2 உயிரினம். எதிராளி 3 சேதம் தரும் ‘லைட்னிங் போல்ட்’ ஏவுகிறார். நான் மறுமொழியாக +3/+3 தரும் ‘ஜயன்ட் குரோத்’ ஏவுகிறேன். என்னுடையது மேலே இருப்பதால் முதலில் நடக்கிறது. உயிரினம் 5/5 ஆகிறது, போல்ட் விழுந்தாலும் பிழைக்கிறது. இதையே திருப்பிப் போடுங்கள். நான் ஆசைப்பட்டு முதலில் குரோத் ஏவுகிறேன். எதிராளி மறுமொழியாகப் போல்ட் ஏவுகிறார். இப்போது போல்ட் மேலே. உயிரினம் இன்னும் 2/2-தான், செத்துவிடுகிறது. குரோத்துக்கு இலக்கே இல்லாமல் போய், அதுவும் வீண். அதே இரண்டு கார்டுகள்தான். யார் முதலில் கையை நீட்டினார் என்பதில் எல்லாமே மாறிவிட்டது. போட்டி ஆட்டக்காரர்கள் காத்திருக்கப் பழகுவது இதனால்தான்.

ஸ்டாக் வந்தும் ஓர் ஓட்டை மிஞ்சியது. சண்டையில் உயிரினங்கள் தரும் சேதமும் ஸ்டாக்கில் ஏறும் என்று 1999-இல் வைத்திருந்தார்கள். ‘மாக் ஃபனாட்டிக்’ என்ற 1/1 பூதம் அடுத்த பத்தாண்டின் செல்லப்பிள்ளை. அதைத் தியாகம் செய்தால் யாருக்காவது 1 சேதம். அது ஒரு 2/2-வோடு சண்டைக்கு நிற்கும். சண்டைச் சேதம் 1 ஸ்டாக்கில் ஏறும். அந்தச் சேதம் இறங்குவதற்குள் பூதத்தைத் தியாகம் செய்து அதே 2/2-வுக்கு இன்னொரு 1. பிறகு ஏற்கெனவே அடித்த அடியும் இறங்கும். செத்துப்போன பூதத்தின் அடி! ஒரு மேனா விலையுள்ள பூதம் 2/2-வைக் கொன்றுவிடும்.

2009 ஜூலையில் ‘மேஜிக் 2010’ தொகுப்போடு இதை நிறுத்தினார்கள். சண்டைச் சேதம் இனி ஸ்டாக்கில் ஏறாது, உடனே விழும். பூதத்தை வைத்திருப்பவர் தேர்ந்தெடுக்க வேண்டும்: சண்டையில் அடிப்பதா, தியாகம் செய்வதா? செலவழிக்காத மேனாவுக்கு உயிர்ப்புள்ளியை இழக்கும் பழைய தண்டனையும் அப்போதுதான் போனது. பெரும் எதிர்ப்பு கிளம்பியது. திறமையைக் குறைத்து ஆட்டத்தைக் குழந்தைகளுக்கானதாக்குகிறார்கள் என்றார்கள். எனக்கோ 2009-இன் மாற்றம்தான் இந்த முப்பது ஆண்டுகளில் மிக நேர்மையானதாகத் தெரிகிறது. கார்டைப் படித்து யோசிக்கும் ஒருவர் ஊகிக்கவே முடியாத ஒன்றைத் திறமை என்று சொல்லக் கூடாது. அடிப்பதா, தியாகம் செய்வதா என்று முடிவெடுப்பதற்குத்தான் கூடுதல் திறமை வேண்டும்.

ஆனால் விதி திருத்துபவர்களும் ஒவ்வொரு முறையும் முதல் தடவையிலேயே சரியாகச் செய்துவிடவில்லை. ஒரே பெயருள்ள புராண நாயகர்கள், அதாவது ‘லெஜண்ட்’ கார்டுகள், எத்தனை பேர் மேசையில் இருக்கலாம் என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். 1994-இல் முதலில் வந்தவர் இருப்பார், அடுத்து வந்தவர் சாவார். 2004-இல் இருவரும் சாவார்கள் என்று ஆனது. 2013-இல் ஆளுக்கு ஒருவர் வைத்துக்கொள்ளலாம் என்று மாறியது. நடுவில் இருந்த ஒன்பது ஆண்டுகளில் ஒரு விசித்திரம் நடந்தது. லெஜண்ட் வகையைச் சேர்ந்த ‘உமெஸாவாஸ் ஜிட்டே’ என்ற பலமான ஆயுதத்தைப் பலர் தங்கள் டெக்கில் சேர்த்தார்கள். அதைப் பயன்படுத்த மட்டுமன்று, எதிராளியின் ஜிட்டேயோடு மோதவிட்டு இரண்டையும் அழிக்கவும்தான். சண்டைச் சேதத்தை முன்வரிசைப்படி பங்கிடும் விதியை 2009-இல் கொண்டுவந்து, 2024 நவம்பரில் ‘ஃபவுண்டேஷன்ஸ்’ தொகுப்போடு எடுத்துவிட்டதும் இதே கதைதான்.

இன்று ஒரு பெரிய போட்டி அரங்கில் ஜட்ஜைக் கூப்பிட வைக்கும் கேள்விகள் வேறு மாதிரியானவை. நேரத்தைப் பற்றிய பழைய சண்டைகள் பெரும்பாலும் ஓய்ந்துவிட்டன. இப்போதைய தலைவலி, ஒரே நேரத்தில் நிலவும் விளைவுகள். இரண்டு கார்டுகள் சும்மா மேசையில் இருக்கின்றன, யாரும் எதையும் ஏவவில்லை, இரண்டுமே உலகத்தை மாற்றிக்கொண்டிருக்கின்றன. எதை முதலில் எண்ணுவது? இதற்கு விதி எண் 613 ஏழு ‘லேயர்’ வைத்திருக்கிறது. நகலெடுப்பது முதல் லேயர், கட்டுப்பாடு மாறுவது இரண்டாவது, கார்டின் வாசகம் மாறுவது மூன்றாவது, வகை மாறுவது நான்காவது, நிறம் ஐந்தாவது, திறன்கள் ஆறாவது, அடிக்கும்-தாங்கும் எண்கள் ஏழாவது. ஒரே லேயரில் இரண்டு விளைவுகள் வந்தால் முன்னால் வந்தது முதலில். அதற்கும் ஒரு விலக்கு இருக்கிறது, அந்த விலக்கில்தான் பல டோர்னமென்ட்டுகள் கைமாறியிருக்கின்றன.

‘பிளட் மூன்’, 1994-இல் வந்த கார்டு. அடிப்படை அல்லாத நிலங்கள் எல்லாம் மலை, அதாவது ‘மவுன்டன்’ என்கிறது. அவற்றிலிருந்து சிவப்பு மேனா மட்டும்தான் கிடைக்கும். ‘அர்போர்க், டூம் ஆஃப் யாக்மோத்’, 2007-இல் வந்த நிலக் கார்டு. ஒவ்வொரு நிலமும் அதன் பழைய வகையோடு சேர்த்துச் சதுப்பும், அதாவது ‘ஸ்வாம்ப்’ கூட என்கிறது. அப்படியானால் எல்லா நிலமும் கறுப்பு மேனாவும் தரும். இரண்டும் ஒரே மேசையில் இருக்கின்றன. பிளட் மூன் முதலில் வந்தது, அர்போர்க் பிறகு வந்தது. அர்போர்க் வைத்திருப்பவர் நினைக்கிறார்: “மூன் முதலில் எல்லாவற்றையும் மலையாக்கட்டும், என்னுடையது பிறகு வந்ததால் அதற்கு மேல் சதுப்பையும் சேர்க்கும். எனக்குக் கறுப்பு மேனா உண்டு.” கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் அவருக்குக் கறுப்பு மேனா இல்லை.

காரணம் இது. இரண்டுமே வகையை மாற்றுவதால் இரண்டும் நான்காம் லேயரில் வருகின்றன. அர்போர்க்கும் அடிப்படை அல்லாத நிலம்தான். அதை மலையாக்கினால், அதில் எழுதியிருக்கும் வாசகம் முழுவதும் போய், சிவப்பு மேனா தருவது மட்டும்தான் மிஞ்சும். ஒரு நிலத்தை அடிப்படை வகையாக மாற்றினால் அப்படித்தான் என்று விதி சொல்கிறது. ஆக, பிளட் மூனைப் பொருத்திவிட்டால் அர்போர்க்குக்குச் சொல்ல எதுவுமே இருக்காது. ஒரு விளைவு இருப்பதா இல்லையா என்பதையே இன்னொன்று முடிவுசெய்யுமானால், முன்னது பின்னதைச் ‘சார்ந்தது’ என்று கணக்கு. சார்ந்திருப்பது காத்திருக்க வேண்டும்; எது முன்னால் வந்தது என்று அப்போது பார்ப்பதில்லை. பிளட் மூன்தான் முதலில் பொருந்தும். அர்போர்க் வெறும் மலையாகிவிடும். முதலில் அர்போர்க்கை இறக்கியிருந்தாலும் பதில் இதேதான்.

ஜட்ஜுகளிடையே நெடுங்காலமாகச் சொல்லப்படும் ஜோடி ‘ஹ்யூமிலிட்டி’யும் ‘ஓபலெசென்ஸ்’உம். முன்னது எல்லா உயிரினங்களின் திறன்களையும் பறித்து அவற்றை 1/1 ஆக்கும். பின்னது மற்ற மாயக் கார்டுகளை, அதாவது ‘என்சான்ட்மென்ட்’களை, உயிரினமாக்கி, விலை எவ்வளவோ அவ்வளவு உடல் கொடுக்கும். ஹ்யூமிலிட்டியே ஒரு மாயக் கார்டு. எனவே அது உயிரினமாகி, தன் திறனைத் தானே பறித்துக்கொள்ள வேண்டும். பறித்துக்கொண்டால் யார் பறித்தது? தத்துவப் புதிர்போலத் தோன்றும் இதற்கு லேயர்கள் தரும் விடை தெளிவானது. ஒரு விளைவு ஒரு லேயரில் வேலையைத் தொடங்கிவிட்டால், நடுவில் அதன் திறன் பறிபோனாலும் மிச்ச லேயர்களிலும் வேலையை முடித்தே தீரும். அதனால் ஏழாம் லேயரில் யார் பின்னால் வந்தாரோ அவர் சொல்லும் எண் நிற்கும். ஹ்யூமிலிட்டி பின்னால் வந்திருந்தால் அது 1/1. ஓபலெசென்ஸ் பின்னால் வந்திருந்தால் ஹ்யூமிலிட்டி 4/4. இந்தக் கேள்வியை 1999-இல் மூன்று மேசைகளில் கேட்டால் மூன்று பதில் வந்திருக்கும் என்பது என் ஊகம். இன்று எந்த ஊரில் கேட்டாலும் ஒன்றுதான்.

இன்னொன்றைச் சொல்லாமல் விட மனமில்லை. 2007-இல் வந்த ‘டார்மகாய்ஃப்’. எல்லாருடைய கல்லறைக் குவியலிலும் எத்தனை வகைக் கார்டுகள் இருக்கின்றனவோ அத்தனை அடிக்கும். தாங்குவது அதைவிட ஒன்று அதிகம். குவியல்களில் நிலமும் உயிரினமும் மட்டும் இருக்கின்றன. ஆகவே அது 2/3. எதிராளி லைட்னிங் போல்ட் ஏவுகிறார். 3 சேதம், தாங்குவது 3, செத்துவிடும் என்று மேசையில் இருக்கும் எல்லாரும் நினைப்பார்கள். சாவதில்லை. போல்ட் தன் வேலையை முடித்ததும் தானே கல்லறைக்குப் போகிறது. அதன் பிறகுதான் யார் செத்தார் என்று ஆட்டம் சரிபார்க்கும். அந்த நொடியில் கல்லறையில் மூன்றாவது வகையாக இன்ஸ்டன்ட் சேர்ந்திருக்கிறது, டார்மகாய்ஃப் 3/4. வாங்கிய அடி 3. பிழைத்துக்கொண்டது. கல்லறையில் நிலத்துக்குப் பதிலாக ஏற்கெனவே ஓர் இன்ஸ்டன்ட் இருந்திருந்தால் அதே போல்ட் அதைக் கொன்றிருக்கும்.

இங்கே போட்டி விதிகள் ஒரு நுட்பமான கோடு போட்டிருக்கின்றன. “உன் டார்மகாய்ஃப் இப்போது எவ்வளவு?” என்று உயர்நிலைப் போட்டியில் நீங்கள் கேட்டால், எதிராளி பதில் சொல்லியே ஆக வேண்டும் என்று கட்டாயமில்லை. பார்த்து எண்ணிக்கொள்வது உங்கள் வேலை. ஆனால் அவர் பொய் சொல்லக் கூடாது. உள்ளூர்க் கடைகளில் நடக்கும் சாதாரண நிலைப் போட்டியிலோ கேட்டால் சொல்ல வேண்டும். புதியவர்களிடம் ஒரு கண்டிப்பு, தேர்ந்தவர்களிடம் இன்னொரு கண்டிப்பு. இந்தப் பாகுபாட்டை யோசித்து எழுதியவர்களுக்கு என் வணக்கம்.

மறந்துபோகும் ‘டிரிக்கர்’ விஷயத்திலும் 2012-இல் ஒரு முடிவு வந்தது. அதற்கு முன், உங்கள் கார்டு தானாகச் செய்ய வேண்டிய நல்லதை நீங்கள் மறந்தால், அதை எதிராளியும் நினைவுபடுத்த வேண்டியிருந்தது. இப்போது உங்கள் நன்மை உங்கள் பொறுப்பு. இன்னொரு திருத்தம் வாய்ச்சொல்லைப் பற்றியது. 2017 பிப்ரவரியில் டப்ளினில் நடந்த ‘புரோ டூர்’ என்ற உயர்நிலைப் போட்டியில் ஓர் ஆட்டக்காரர் “கம்பாட்” என்றார். சண்டைக் கட்டத்தின் தொடக்கத்துக்குப் போய், அங்கே தன் வாகனக் கார்டை இயக்கலாம் என்பது அவர் எண்ணம். அன்றைய போட்டிச் சுருக்கவிதிப்படி, அந்தச் சொல்லைச் சொன்னால் அந்தத் தொடக்கத்தையே தாண்டியதாகிவிடும். வாகனம் ஓடவில்லை. ஆட்டம் நேரலையில் ஓடிக்கொண்டிருந்தது. பார்த்தவர்களுக்கு மனம் பொறுக்கவில்லை. அந்த ஏப்ரலிலேயே விதியைத் திருத்தினார்கள். ஒரே வாயசைவில் ஒருவர் வாய்ப்பை இழப்பது தவறு என்று ஒப்புக்கொண்டு, இரண்டே மாதத்தில் மாற்றியது எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது.

கணினி வந்த பிறகு இன்னொரு மாற்றம். 2002-இல் ‘மேஜிக் ஆன்லைன்’, 2019-இல் முழுமையாக வெளிவந்த ‘அரீனா’. அங்கே விதி மீறவே முடியாது. பிளட் மூன் வந்தால் உங்கள் நிலம் மலையாகிவிடும், வாதாட ஆளில்லை. பல லட்சம் பேர் ஆட்டத்துக்கு வந்தது இதனால்தான். ஆனால் அரீனாவில் மட்டும் பழகியவர் கடைக்கு வந்து கார்டைக் கையில் பிடிக்கும்போது தடுமாறுகிறார். கறுப்பு மேனா கிடைக்காது என்று திரை சொன்னது அவருக்குத் தெரியும். ஏன் கிடைக்காது என்பது தெரியாது. காரணம் தெரியாத விடை, கார்டு கொஞ்சம் மாறினாலும் உதவாது. ஆட்டத்தின் ஆழத்துக்குக் கணினியாலும் எல்லை காண முடியாது என்பதற்கு 2019-இல் ஒரு நிரூபணமே வந்தது. மூன்று ஆய்வாளர்கள் வெளியிட்ட கட்டுரை, இந்த ஆட்டத்துக்குள்ளேயே ஒரு முழுமையான கணிப்பொறியைக் கட்டலாம் என்றும், ஆதலால் சில நிலைகளில் வெல்வது யார் என்பதை எந்த வழிமுறையாலும் முன்கூட்டிச் சொல்ல முடியாது என்றும் காட்டியது.

விதி எவ்வளவு திருத்தமாக இருந்தாலும் கார்டு எழுதுபவர் தவறினால் என்ன ஆகும் என்பதையும் சமீபத்தில் பார்த்தோம். 2024 ஜூனில் வந்த ‘நாடு, விங்ட் விஸ்டம்’ ஒரு பறவை. உங்கள் உயிரினம் எதற்காவது இலக்கானால் டெக்கின் மேல் கார்டு உங்களுக்கு; டர்னுக்கு இரண்டு முறைதான் என்று வரம்பு. வரம்பு இருக்கிறதே என்று தோன்றும். ஆனால் அந்தத் திறனை நாடு தன்னிடம் வைத்துக்கொள்ளாமல் உங்கள் ஒவ்வோர் உயிரினத்துக்கும் கொடுக்கிறது. ஆகவே ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக இரண்டு முறை. 2005-இல் வந்து பெரும்பாலோர் சீந்தாமல் கிடந்த ‘ஷூகோ’ என்ற ஆயுதத்தைச் செலவே இல்லாமல் ஓர் உயிரினத்திலிருந்து இன்னொன்றுக்கு மாட்டிக்கொண்டே இருக்கலாம். ஒவ்வொரு முறையும் அது ஓர் இலக்கு. ஒரே டர்ன் நீண்டுகொண்டே போனது. ஆம்ஸ்டர்டாமில் நடந்த புரோ டூரை நாடு டெக்கே வென்றது. அந்தக் கார்டின் கடைசி வடிவத்தை ஆடிப் பார்க்காமலே அச்சுக்கு அனுப்பியதாக வடிவமைப்பாளர் பிறகு வெளிப்படையாக எழுதினார். ஆகஸ்டில் ‘மாடர்ன்’ என்ற வகைப் போட்டிகளில் தடை வந்தது. இதில் ஒரு விதிக் குழப்பமும் இல்லை என்பதைக் கவனியுங்கள். எல்லாரும் ஒரே மாதிரி படித்தார்கள், அதனால்தான் தவறு எங்கே என்பது இரண்டு மாதத்தில் உறுதியாயிற்று.

முதல் போட்டிக்குப் போகும் பிள்ளைகளுக்கும் அவர்களைக் கூட்டிப்போகும் பெற்றோருக்கும் சொல்ல ஆசைப்படுவது இதுதான். 250 பக்கத்தையும் யாரும் மனப்பாடம் செய்வதில்லை. உங்கள் டெக்கில் இருக்கும் கார்டுகளின் இன்றைய அதிகாரபூர்வ வாசகத்தை மட்டும் ‘கேதரர்’ தளத்தில் ஒருமுறை படித்துவிட்டுப் போங்கள். கார்டில் அச்சாகியிருப்பது பழையதாக இருக்கலாம், செல்லுபடியாவது இன்றைய வாசகம்தான். மேசையில் சந்தேகம் வந்தால் எதிராளி சொல்வதை ஏற்றுக்கொண்டு விடாதீர்கள். அவர் நல்லவராகவே இருந்தாலும் தவறாகச் சொல்லலாம். கையைத் தூக்கி “ஜட்ஜ்” என்று கூப்பிடுங்கள். இப்படிச் செய்ய முடியுமா என்று கேளுங்கள், சொல்வார். இப்படிச் செய்யட்டுமா என்று கேட்காதீர்கள், அதை அவர் சொல்லக் கூடாது. எதிராளிக்குக் கேட்காமல் தனியாகக் கேட்க வேண்டுமென்றாலும் மேசையை விட்டுத் தள்ளிப் போய்க் கேட்கலாம். அதில் செலவான நேரத்தைச் சுற்றோடு சேர்த்துத் தருவார்கள். அவர் சொன்ன பதில் சரியில்லை என்று பட்டால் தலைமை ஜட்ஜிடம் மேல்முறையீடு செய்ய உங்களுக்கு உரிமை உண்டு. அந்த உரிமையை வெட்கப்படாமல் பயன்படுத்துங்கள்.